புது கன்சோலுக்கு மாறும்போது கேமும் சேவும்: டெல்டா நண்பர்களின் கேள்விகளுக்குப் பதில்

தீபாவளி, பொங்கல் சமயத்தில் புது கன்சோல் (வீடியோ கேம் ஆடும் பெட்டி) வாங்குகிறவர்கள் அதிகம். கூடவே வரும் கேள்வி, "பழையதில் ஆடினதெல்லாம் இதில் வருமா?" என்பதுதான். தஞ்சாவூர், திருவாரூர், நாகை, மயிலாடுதுறைப் பக்கத்து நண்பர்கள் அனுப்பிய கேள்விகளைத் தொகுத்து இங்கே பதில் எழுதியிருக்கிறேன்.

ஒன்றை மட்டும் முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கேம் போனால் திரும்ப வாங்கலாம், திரும்ப இறக்கிக்கொள்ளலாம். மாதக்கணக்கில் ராத்திரி உட்கார்ந்து ஆடின சேவ் ஃபைல் (ஆட்டத்தில் எதுவரை வந்தோம் என்று கேம் பதிந்து வைக்கும் ஃபைல்) போனால் போனதுதான். அதனால் முதலில் சேவ் ஃபைலை நகர்த்துங்கள். புதுப் பெட்டியில் அது திறக்கிறதா என்று ஆடிப் பாருங்கள். அப்புறம் பழையதை விற்பதோ அழிப்பதோ உங்கள் விருப்பம்.

மன்னார்குடி: அண்ணா, பிஎஸ் 5 (ப்ளேஸ்டேஷன் 5) வாங்கியிருக்கிறேன். பிஎஸ் 4-ல் நிறைய கேம் இருக்கிறது. வீட்டில் போன் ஹாட்ஸ்பாட் மட்டும்தான். ப்ளஸ் சந்தாவும் (ப்ளேஸ்டேஷனின் கட்டணச் சந்தா) கிடையாது. எல்லாவற்றையும் திரும்ப டவுன்லோட் செய்யணுமா?

வேண்டாம் தம்பி. ஹாட்ஸ்பாட்டில் ஐம்பது அறுபது ஜிபி கேமை இறக்க உட்கார்ந்தால் அன்றைய டேட்டா அரை மணி நேரத்தில் காலி.

கேம் வேறு, சேவ் வேறு என்று பிரித்துப் பாருங்கள். கேமுக்கு ஒரு எக்ஸ்டர்னல் ஹார்ட் டிஸ்க் போதும். யுஎஸ்பி 3.0 ஆக, குறைந்தது 250 ஜிபி இருக்க வேண்டும். பிஎஸ் 4-ல் செருகி எக்ஸ்டெண்டட் ஸ்டோரேஜாக ஃபார்மேட் செய்து, கேம்களை அதற்கு மாற்றிவிட்டு, அப்படியே கழற்றி பிஎஸ் 5-ல் செருகினால் பிஎஸ் 4 கேம்கள் அதிலிருந்தே ஓடும். ஃபார்மேட் செய்யும்போது டிஸ்கில் இருப்பதெல்லாம் அழியும். அக்கா கல்யாண வீடியோ இருக்கும் டிஸ்கை எடுத்துவிடாதீர்கள்.

இங்கேதான் நிறைய பேர் ஏமாறுகிறார்கள். கேம் ஹார்ட் டிஸ்கில் இருந்தாலும் சேவ் அங்கே இருக்காது. பிஎஸ் 4 எப்போதும் சேவ் ஃபைலைத் தன் உள் டிஸ்கில்தான் வைக்கும். டிஸ்கை மட்டும் கழற்றிக்கொண்டு, பழைய பெட்டியை விற்றுவிட்டு வந்தால் கேம் ஓடும், ஆட்டம் முதல் லெவலில் நிற்கும்.

சேவுக்குத் தனியாக ஒரு பென்டிரைவ் எடுங்கள். எக்ஸ்டெண்டட் ஸ்டோரேஜ் ஆக்கிய டிஸ்கில் சேவ் ஃபைலைக் காப்பி செய்ய முடியாது. பென்டிரைவ் ஃபேட் 32 அல்லது எக்ஸ்ஃபேட்டில் இருக்கட்டும். பிஎஸ் 4-ல் செட்டிங்ஸ் போய், அப்ளிகேஷன் சேவ்டு டேட்டா மேனேஜ்மென்ட், அதற்குள் சிஸ்டம் ஸ்டோரேஜ், அதற்குள் யுஎஸ்பிக்குக் காப்பி செய்வது. கேம் வாரியாக டிக் அடித்துக் காப்பி செய்துகொள்ளலாம். முடிந்ததும் பென்டிரைவைக் கம்ப்யூட்டரில் செருகிப் பாருங்கள். பிஎஸ் 4 என்று ஒரு ஃபோல்டர், அதற்குள் சேவ்டேட்டா, அதற்குள் எழுத்தும் எண்ணும் கலந்த நீளமான பெயரில் இன்னொன்று. அந்த நீளப் பெயர் உங்கள் அக்கவுண்டைக் குறிப்பது. அசிங்கமாக இருக்கிறதே என்று பெயரை மாற்றினால் கன்சோலுக்கு அது தெரியாது. பார்த்துவிட்டு அப்படியே விட்டுவிடுங்கள். வேண்டுமானால் மொத்த ஃபோல்டரையும் கம்ப்யூட்டரில் இன்னொரு காப்பி போட்டு வையுங்கள்.

பிஎஸ் 5-ல் அதே அக்கவுண்டில் உள்ளே போய், செட்டிங்ஸில் சேவ்டு டேட்டா, அதில் பிஎஸ் 4 பிரிவு, யுஎஸ்பியிலிருந்து காப்பி. இதைச் செய்யும் வரை புதுப் பெட்டியில் கேமைத் திறக்காதீர்கள். ஆசையில் பத்து நிமிஷம் ஆடினாலும் புது சேவ் ஒன்று உருவாகிவிடும். அப்புறம் எதை வைத்துக்கொள்வது என்று கன்சோல் கேட்கும்போது தேதியைப் பார்க்காமல் அழுத்தி, பழையதை இழந்தவர்கள் உண்டு.

வீட்டில் ரவுட்டர் இருக்கிறவர்களுக்கு இன்னொரு வழி. இரண்டு பெட்டியையும் ஒரே நெட்வொர்க்கில் இணைத்து, பிஎஸ் 5-ல் டேட்டா டிரான்ஸ்ஃபர் கொடுங்கள். கேட்கும்போது பிஎஸ் 4-ன் பவர் பட்டனை பீப் சத்தம் வரும் வரை ஒரு நொடி அழுத்த வேண்டும். கேம், சேவ் இரண்டும் ஒன்றாக வரும். பழையதில் இருப்பது அழியாது. லேன் கேபிள் போட்டால் வைஃபையைவிட எவ்வளவோ வேகம். ஆரம்பிக்கும் முன் பிஎஸ் 4-ல் டிராஃபிகளை (கேமில் வென்ற பதக்கங்கள்) ஒருமுறை அக்கவுண்டோடு சிங்க் செய்துவிடுங்கள்.

ஒரத்தநாடு: நீங்கள் சொன்ன மாதிரியே பென்டிரைவில் எடுத்துப் போட்டேன். ஜிடிஏ 5 திறந்தால் முதலிலிருந்து ஆரம்பிக்கிறது. சேவ் கரப்ட் ஆகிவிட்டதா?

இல்லை, பத்திரமாக இருக்கிறது. நீங்கள் திறந்தது பிஎஸ் 5 வெர்ஷன். உங்கள் சேவ் பிஎஸ் 4 வெர்ஷனுடையது. பெயர் ஒன்றானாலும் கன்சோலுக்கு இரண்டும் வேறு வேறு கேம்.

ஜிடிஏ 5-ன் பிஎஸ் 5 வெர்ஷன் 2022 மார்ச்சில் தனியாக வந்தது. கதையில் விட்ட இடத்தை அதற்குக் கொண்டுபோக பென்டிரைவ் போதாது. பிஎஸ் 4 வெர்ஷனைத் திறந்து, பாஸ் மெனுவில் (ஆட்டத்தை நிறுத்தும்போது வரும் மெனு) கேம் என்ற பகுதியில் இருக்கும் அப்லோட் வழியாக சேவ் ஃபைலை ராக்ஸ்டார் (ஜிடிஏ கம்பெனி) அக்கவுண்டுக்கு ஏற்ற வேண்டும். அப்புறம் பிஎஸ் 5 வெர்ஷனில் அதே அக்கவுண்டை இணைத்து இறக்கிக்கொள்ளலாம். பிஎஸ் 4 வெர்ஷன் பிஎஸ் 5 பெட்டியிலேயே ஓடும் என்பதால், பழைய பெட்டி கையில் இல்லாவிட்டாலும் இதைச் செய்யலாம்.

மற்ற கேம்கள் ஒவ்வொன்றும் ஒவ்வொரு விதம். எல்டன் ரிங்கில் பிஎஸ் 4 சேவ் பிஎஸ் 5 வெர்ஷனுக்குப் போகும், அங்கிருந்து திரும்பி வராது. விட்சர் 3-ல் 2022 டிசம்பர் அப்டேட்டுக்கு அப்புறம் ஜிஓஜி (கேம் விற்கும் இணையக் கடை) அக்கவுண்டை இணைத்தால் வேறு கம்பெனி கன்சோலுக்கும் கம்ப்யூட்டருக்கும்கூட சேவ் போகும். ஃபோர்ட்நைட், டயாப்லோ 4 மாதிரியானவை கம்பெனியின் சர்வரிலேயே கணக்கு வைத்திருக்கின்றன, அக்கவுண்டைச் சரியாக இணைத்தால் போதும். கேமுக்குள் மெயின் மெனுவில் இம்போர்ட், அப்லோட், டிரான்ஸ்ஃபர் என்று ஏதாவது இருக்கிறதா என்று பார்த்துவிட்டு முடிவெடுங்கள்.

பாபநாசம்: ஃபிஃபா 23 கேரியர் மோடில் ஏழு சீசன் ஆடியிருக்கிறேன். பிஎஸ் 5 வெர்ஷனுக்குக் கொண்டுபோக வழி?

கிடையாது. கேரியர் அந்த வெர்ஷனுக்கு வராது. அந்த ஏழு சீசன் முக்கியம் என்றால் பிஎஸ் 5-லேயே பிஎஸ் 4 வெர்ஷனைப் போட்டு, பென்டிரைவில் எடுத்த சேவ் ஃபைலைக் கொண்டு தொடருங்கள். கிராஃபிக்ஸ் கொஞ்சம் குறையும். உங்கள் டீம் உங்களோடு இருக்கும். நானாக இருந்தால் அப்படித்தான் செய்வேன்.

கூத்தாநல்லூர்: துபாயில் இருக்கும் மச்சான் ஒரு கேம் டிஸ்க் கொண்டுவந்தார். இங்கே வாங்கின டிஸ்கை விற்றுவிட்டேன். புது டிஸ்கைப் போட்டால் பழைய சேவ் தெரியவே இல்லை.

பிஎஸ் 4 டிஸ்க் எந்த நாட்டில் வாங்கினாலும் எந்த நாட்டுப் பெட்டியிலும் ஓடும். சேவும் டிஎல்சியும் (கேமுக்குத் தனியாக வாங்கும் கூடுதல் பகுதி) அப்படி இல்லை. டிஸ்க் கவரின் ஓரத்தில் சி, யு, எஸ், ஏ என்ற நான்கு ஆங்கில எழுத்துகளில் தொடங்கி ஐந்து இலக்க எண் இருக்கும். அந்த எண்ணை வைத்துத்தான் கன்சோல் சேவைத் தேடும். ஐரோப்பா பதிப்புக்கு ஒரு எண், அமெரிக்கா பதிப்புக்கு வேறு எண். எண் வேறானால் சேவ் தெரியாது.

துபாயில் அமெரிக்கப் பதிப்பு டிஸ்குகளும் கடையில் கிடைக்கும். சிங்கப்பூரிலிருந்து வருவதிலும் பதிப்பு மாறலாம். வெளிநாட்டிலிருந்து டிஸ்க் சொல்லி அனுப்பும்போது உங்கள் கவரின் எண்ணைப் போட்டோ எடுத்து வாட்ஸ்அப்பில் அனுப்பிவிடுங்கள். இப்போதைக்கு, விற்ற டிஸ்கின் அதே எண்ணில் இன்னொரு பழைய டிஸ்க் தேடுங்கள். பெட்டிக்குள் சேவ் அப்படியே இருக்கிறது, அழித்துவிடாதீர்கள்.

நாகப்பட்டினம்: என் பிஎஸ் 4 ஆன் ஆகிறது, நீல விளக்கு வெள்ளையாகிறது, டிவியில் படம் மட்டும் வரவில்லை. கடையில் ஹார்ட் டிஸ்கைக் கழற்றி வேறு பிஎஸ் 4-ல் போட்டு சேவ் எடுத்துத் தருகிறேன் என்கிறார்கள்.

அது நடக்காது. பிஎஸ் 4-ன் உள் டிஸ்க் அந்தப் பெட்டியின் சாவியால் பூட்டப்பட்டிருக்கும். வேறு பெட்டியில் போட்டால் படிக்க முடியாது, ஃபார்மேட் செய்யச் சொல்லும். அதற்கு ஓகே கொடுத்தால் எல்லாம் போய்விடும். டிஸ்கை யாரிடமும் கழற்றிக் கொடுக்காதீர்கள்.

விளக்கு வெள்ளையாக நிற்கிறது என்றால் பெரும்பாலும் உள்ளே வேலை செய்கிறது, எச்டிஎம்ஐ போர்ட்தான் கெட்டிருக்கும். கடற்கரை ஊர்களில் உப்புக் காற்றில் போர்ட் துருப்பிடிப்பதும் உண்டு. முதலில் வேறு கேபிள், வேறு டிவி போட்டுப் பாருங்கள். அப்புறம், எப்போதாவது ரிமோட் ப்ளே வசதியை அந்தப் பெட்டியில் ஆன் செய்து வைத்திருந்தீர்களா? அப்படியானால் போனிலோ லேப்டாப்பிலோ ரிமோட் ப்ளே ஆப்பைத் திறந்து இணைத்தால், பிஎஸ் 4 திரை அதில் தெரியும். பென்டிரைவைப் பெட்டியில் செருகி, அந்தத் திரையிலிருந்தே சேவைக் காப்பி செய்துகொள்ளலாம்.

ரிமோட் ப்ளே இல்லையென்றால் போர்ட்டை மாற்றித் தருகிற, சாலிடரிங் தெரிந்த ஆளிடம் கொடுங்கள். வேலை ஆரம்பிக்கும் முன்பே "டிஸ்கை அழிக்கக் கூடாது, இனிஷியலைஸ் (எல்லாவற்றையும் அழித்துப் புதிதாக்குவது) செய்யக் கூடாது" என்று சொல்லி, பில்லிலும் எழுதச் சொல்லுங்கள்.

திருத்துறைப்பூண்டி: எங்கள் ஊரில் கரண்ட் எப்போது போகும் என்று தெரியாது. சேவ் ஆகும்போது போய்விட்டால்?

எழுதிக்கொண்டிருக்கும்போது நின்றால் அந்த சேவ் கெட்டுப்போக நிறைய வாய்ப்பு. திரை மூலையில் ஆட்டோ சேவ் அடையாளம் சுற்றும்போதுதான் ஆபத்து. கேம் அனுமதித்தால் ஒரே இடத்தில் சேவ் செய்யாமல் இரண்டு மூன்று ஸ்லாட்டில் மாற்றி மாற்றி சேவ் செய்யுங்கள். ஒன்று கெட்டாலும் முந்தினது இருக்கும். மின்வாரியம் பராமரிப்பு நாள் அறிவித்தால் முந்தின ராத்திரியே ரெஸ்ட் மோடில் (பாதி அணைந்த நிலையில்) விடாமல் முழுதாக ஆஃப் செய்யுங்கள். கம்ப்யூட்டருக்குப் போடும் சின்ன யுபிஎஸ் ஒன்று இருந்தால், கரண்ட் போனதும் சேவ் செய்து அணைக்கும் அளவுக்கு நேரம் கிடைக்கும்.

மழைக்காலம் தொடங்கும் முன், புரட்டாசியிலேயே, பிஎஸ் 4 சேவை ஒருமுறை பென்டிரைவில் எடுத்து வைக்கச் சொல்லி எல்லோரிடமும் கேட்டுக்கொள்கிறேன். 2018 நவம்பரில் கஜா வந்தபோது உங்கள் பக்கம் வாரக்கணக்கில் கரண்ட் இல்லாமல் இருந்தது. வீட்டுக்குள் தண்ணீர் வந்தால் பெட்டியைத் தூக்கத் தோன்றாது, தூக்கவும் வேண்டாம். பென்டிரைவ் பத்திரப் பையில் ரேஷன் கார்டோடு இருக்கட்டும்.

பிஎஸ் 5 கேம்களின் சேவைத் தனித்தனியாகப் பென்டிரைவில் எடுக்க முடியாது. மொத்தப் பெட்டிக்கும் பேக்கப் எடுக்கலாம், ஆனால் அதைத் திருப்பிப் போடும்போது பெட்டியில் இருப்பது அழியும். மற்றபடி ப்ளஸ் சந்தாவோடு வரும் கிளவுட் (நெட் வழியாகக் கம்பெனி சர்வரில் சேமிக்கும் இடம்) தான். சந்தா முடிந்தால் கிளவுடில் இருப்பதை இறக்க முடியாது என்பதையும் நினைவில் வையுங்கள். பெட்டி மாற்றும் மாதத்துக்கு மட்டும் எசென்ஷியல் (ப்ளஸின் அடிப்படைத் திட்டம்) சந்தா போட்டு ஏற்றி இறக்கிக்கொள்கிறவர்கள் உண்டு, அது நல்ல யோசனைதான்.

கும்பகோணம்: என் பையன் நின்டெண்டோ ஸ்விட்ச் வைத்திருக்கிறான். அவன் மாமா சிங்கப்பூரிலிருந்து புது மாடல் அனுப்புகிறார். பழையதன் மெமரி கார்டைப் புதியதில் போட்டால் போதுமா? பழையதைத் தங்கைக்குக் கொடுக்கலாம் என்றிருக்கிறோம்.

போதாதுங்க அம்மா. ஸ்விட்சில் மைக்ரோ எஸ்டி கார்டில் கேம் மட்டும்தான் இருக்கும். பையன் ஆடின கணக்கெல்லாம் பெட்டியின் உள் மெமரியில் இருக்கிறது. இரண்டு பெட்டியையும் பக்கத்தில் வைத்து, சிஸ்டம் செட்டிங்ஸில் டேட்டா மேனேஜ்மென்ட் பகுதியில் சேவ் டேட்டா டிரான்ஸ்ஃபர் செய்ய வேண்டும். இரண்டிலும் பையனின் நின்டெண்டோ அக்கவுண்டே இருக்க வேண்டும். இதில் சேவ் காப்பி ஆகாது, இடம் மாறும். புதியதற்குப் போனதும் பழையதில் இருக்காது. நடுவில் சார்ஜ் தீராமல் இரண்டையும் சார்ஜரில் போட்டுவிட்டு ஆரம்பியுங்கள்.

அனிமல் கிராஸிங் ஆடுகிறானா என்று கேளுங்கள். அந்த கேமில் அவன் உருவாக்கிய தீவு இந்த வழியில் போகாது. அதற்கென்று ஐலண்ட் டிரான்ஸ்ஃபர் டூல் என்று தனி ஆப் இருக்கிறது, இலவசம். அதையும் முடித்து, பையன் புதியதில் ஆடிப் பார்த்து சரி என்று சொன்ன பிறகு தங்கைக்குக் கொடுங்கள்.

திருவாரூர்: எக்ஸ்பாக்ஸ் 360-லிருந்து எக்ஸ்பாக்ஸ் சீரிஸ் எஸ்-க்கு மாறினால் சேவ் வருமா?

360-ல் கிளவுட் சேவ் வசதியை ஆன் செய்து, சேவ்களை அதற்கு மாற்றுங்கள். சீரிஸ் எஸ்-ல் அதே கேமர்டேக்கில் (எக்ஸ்பாக்ஸ் கணக்கின் பெயர்) திறந்தால் வரும். கேம் பேக்வர்ட் கம்பாட்டிபிள் பட்டியலில் (புதுப் பெட்டியில் ஓடும் பழைய கேம்களின் பட்டியல்) இருக்க வேண்டும். சீரிஸ் எஸ்-ல் டிஸ்க் போட இடமே இல்லை, அதனால் டிஸ்காக வைத்திருக்கும் 360 கேம் அதில் ஓடாது. 360-ன் கடை 2024 ஜூலை 29-ல் மூடியாகிவிட்டது, முன்பே வாங்கினதை மட்டும் இறக்கலாம். எக்ஸ்பாக்ஸ் ஒன்னிலிருந்து வருகிறவர்களுக்குக் கவலையே இல்லை. நெட்டில் இருந்தால் சேவ் தானாக வந்துவிடும், சந்தாவும் வேண்டாம்.

முத்துப்பேட்டை: என் பிஎஸ் 4-ஐ நெட்டில் இணைத்ததே இல்லை, அக்கவுண்டும் கிடையாது. இப்போது விற்கப் போகிறேன். என் சேவ் என்ன ஆகும்?

பட்டா யார் பெயரில் இருக்கிறதோ அவருக்குத்தான் நிலம் என்கிற மாதிரி, சேவ் அக்கவுண்டின் பெயரில்தான் செல்லும். பெயரே இல்லாத சேவை வேறு பெட்டி ஏற்காது. அதனால் விற்கும் முன் ஹாட்ஸ்பாட்டிலாவது பெட்டியை நெட்டில் இணைத்து, நீங்கள் ஆடிக்கொண்டிருந்த அதே யூசருக்குள் போய் பிஎஸ்என் (ப்ளேஸ்டேஷன் நெட்வொர்க்) அக்கவுண்ட் தொடங்குங்கள். புது யூசர் உருவாக்கக் கூடாது, அதில் உங்கள் சேவ் இருக்காது. அக்கவுண்ட் இணைந்ததும் கேமை ஒருமுறை திறந்து, ஒரு சேவ் போட்டுவிட்டு, பிறகு பென்டிரைவில் எடுங்கள்.

புதுப் பெட்டியில் சேவ் திறந்த பிறகு, பழையதில் பிரைமரி பிஎஸ் 4 என்பதை டீஆக்டிவேட் செய்து, இனிஷியலைஸில் ஃபுல் கொடுங்கள். அதற்குச் சில மணி நேரம் பிடிக்கும். வாங்க வருகிறவரைச் சாயங்காலம் வரச் சொல்லிவிட்டு, காலையிலேயே ஆரம்பித்துவிடுங்கள்.