வேலையிலிருந்து ஓய்வு பெற்றபின் எதிலும் பிடிப்பு இல்லை. சென்னையில் இயற்கையோடு நேரம் செலவிட்டால் உண்மையிலேயே மனசு மாறுமா?

சும்மா போய் உட்கார்ந்தால் மாறாது என்பதுதான் என் அனுபவம். ரிட்டயர் ஆன புதிதில் நடேசன் பூங்காவில் தினமும் நடந்தேன். காற்று நன்றாகத்தான் இருந்தது. வீட்டுக்கு வந்து பேப்பரை மடித்து வைத்ததும் மறுபடி அதே வெறுமை.

பிடிப்பு வந்தது ஆமையால். ஜனவரியிலிருந்து மார்ச் வரை பங்குனி ஆமைகள் நம் கரைக்கு முட்டையிட வரும். மாணவர் கடல் ஆமைப் பாதுகாப்புக் குழு ஒன்று 1988 முதல் நீலாங்கரை–பெசன்ட் நகர் கரையில் இரவெல்லாம் நடந்து முட்டைகளைத் தேடி எடுத்துப் பொரிப்பகத்தில் வைத்துக் காக்கிறது. சுமார் 7 கிலோமீட்டர். வார இறுதியில் நம்மைப் போன்றவர்களும் கூட நடக்கலாம். அக்கா பையன் இழுத்துக்கொண்டு போனான்.

முதல் தடவை ஒற்றைச் செருப்புகளும் கிழிந்த வலையும்தான் கண்ணில் பட்டன. முட்டி வலி மூன்று நாள். அடுத்த வாரம், முன்னால் போன பையன் சட்டென்று நின்றான். மணலில் டிராக்டர் டயர் ஏறியது போல ஒரு தடம், கடலிலிருந்து மேலேறி மறுபடி கடலுக்கே இறங்கியிருந்தது. குச்சியை மெல்ல அழுத்தி, இளகிய இடம் பார்த்து, ஒரு பெண் குப்புறப் படுத்துக் கையால் தோண்டினாள். குடம் மாதிரி குழி. உள்ளே பிங்பாங் பந்து அளவு முட்டைகள், ஈரமாக. எண்ணும் வேலை எனக்கு. முப்பது வருஷம் கேஷ் கவுண்டரில் எண்ணியவன்தான். ஆனாலும் 118 என்று சொல்லும்போது குரல் கம்மிவிட்டது.

பொரிக்க 45 நாளாவது ஆகும். வீட்டுக்கு வந்து காலண்டரில் அந்தத் தேதியில் ‘ஆமை’ என்று எழுதினேன். அதுவரை அதில் இருந்ததெல்லாம் மனைவி எழுதிய கல்யாணங்களும் கேஸ் புக்கிங்கும்தான்.

எல்லாம் இனிப்பாக இருக்கும் என்று நினைக்காதீர்கள். 2025 ஜனவரியில் நூற்றுக்கணக்கில் செத்து ஒதுங்கின. அந்த நாற்றம் இன்னும் மூக்கில் இருக்கிறது. முக்கியமாக, தனியாகப் போய் முட்டையைத் தொடாதீர்கள், சட்டப்படி குற்றம். டார்ச்சும் அடிக்கக் கூடாது.

பொரித்த அன்று மனைவியும் வந்தாள். கடலுக்குச் சற்றுத் தள்ளி மணலில் குஞ்சுகளை விட்டார்கள். எல்லாம் அலையைப் பார்த்து ஓட, ஒன்று மட்டும் தெருவிளக்கைப் பார்த்துத் திரும்பிவிட்டது. யாரும் சொல்லாமலே இவள் போய் முந்தானையை விரித்து வெளிச்சத்தை மறைத்து நின்றாள். அது கொஞ்சம் தயங்கிவிட்டுக் கடல் பக்கம் திரும்பியது.