கோடியக்கரை மணல்மேடுகளில் மரம் நட்டால் சரணாலயத்துக்கு நல்லதுதானே?

எல்லா இடத்திலும் நல்லதன்று. காவிரிப் படுகையின் தென்கிழக்கு முனையில், 1967இல் அறிவிக்கப்பட்ட கோடியக்கரை வனவிலங்குச் சரணாலயம் முதன்மையாக வெளிமான்களுக்காக உருவானது. வெளிமானுக்கு வேண்டியது அடர்ந்த நிழலன்று. பகை வருவதைத் தொலைவிலேயே கண்டு ஓடுவதற்கான திறந்த புல்வெளி.

மணலைப் பிடித்து நிறுத்தும் வேலையை அடம்பங்கொடியும் ராவணன் மீசை என்னும் முட்புல்லும் ஏற்கெனவே செய்கின்றன. அடம்பு கணுவுக்குக் கணு வேர்விட்டுப் படர்கிறது. ராவணன் மீசையின் முள்பந்து போன்ற காய்க்கொத்து காற்றில் உருண்டோடி, விதையைப் புதுமணலில் சேர்க்கிறது. மேட்டில் இறங்கும் மழைநீர், நிலத்தடி உப்புநீரைவிட அடர்த்தி குறைந்தது என்பதால் அதன்மேல் நன்னீர்ப் படலமாகத் தங்குகிறது. மணலை அள்ளிவிட்டால் அந்த நீரும் போய்விடும். இதை நம் கடலோர ஊர்கள் மறக்கவே கூடாது.

மேடுகளை ஒட்டிப் பாலை என்னும் மரவகை நிறைந்த உலர் பசுமைமாறாக் காடும் உண்டு. 2018 நவம்பரில் கஜா புயல் இப்பகுதியைக் கடுமையாகத் தாக்கியது. புயலில் சேதமடைந்த அத்தகைய காட்டில் அந்த மண்ணுக்குரிய மரங்களை மீட்பது சரியே.

பெரிய இடர் சீமைக்கருவேலம். அதன் இனிப்பான காய்களைத் தின்னும் கால்நடைகளும் விலங்குகளும் சாணத்தோடு விதைகளைப் பரப்புவதால், புல்வெளி மெல்ல முள்காடாகிறது. வெட்டினால் மட்டும் போதாது, அடிக்கட்டை மீண்டும் தழைக்கும். வேரோடு எடுத்து, அடுத்தடுத்த மழைக்குப் பின் முளைக்கும் கன்றுகளையும் பிடுங்கினால்தான் புல் திரும்பும்.