காலத்துக்குன்னு ஒரு அகாடமி இருந்தா முதல் வகுப்புல என்ன நடத்துவீங்க?

காலத்தை மட்டுமே படிக்கிறதுக்குன்னு கற்பனையா ஒரு அகாடமி, நீங்கதான் பிரின்சிபல், முதல் வகுப்பு என்னன்னு கேட்டிருக்கீங்க. எனக்கு யோசிக்கவே வேண்டியதில்ல. வாட்ச், போன் எல்லாத்தையும் வாசல்லயே வாங்கி வச்சிட்டு பசங்கள மொட்டை மாடிக்குக் கூட்டிட்டுப் போயிடுவேன், ஆளுக்கு ஒரு குச்சி, ஒரு சாக்பீஸ், அவ்வளவுதான்.

ஏன்னா இத எங்க வீட்டு மாடியில என் பொண்ணோட செஞ்சு பாத்திருக்கேன். சென்னை, பிப்ரவரி பாதி. பெயிண்ட் பக்கெட்ல மண்ணு ரொப்பி ஒரு மீட்டர் குச்சி நட்டு, நூல்ல சாவிக்கொத்தக் கட்டித் தொங்கவிட்டு நேரா நிக்குதான்னு பாத்துக்கிட்டோம், பதினொன்றரைல இருந்து அஞ்சு நிமிஷத்துக்கு ஒரு தடவ நிழல் நுனியில ஒரு புள்ளி. 12 மணிக்கு நிழல் ரொம்பக் குட்டையாகி அப்புறம் நீளும்னு அவ நோட்டுல முன்னாடியே எழுதி வச்சிட்டா. 12 ஆச்சு, இன்னும் குறையுது. 12:10, இன்னும் ஒரு நூல் குறையுது. தரை சுடுது, கால மாத்தி மாத்தி வச்சி நிக்கிறா, ஆனா கீழ வரமாட்டேங்குறா. 12:20 புள்ளியும் 12:25 புள்ளியும் கிட்டத்தட்ட ஒரே நீளம், அரை மீட்டருக்குக் கொஞ்சம் கம்மி, அதுக்கப்புறம்தான் நிழல் நீள ஆரம்பிச்சுது. "அப்பா, அப்போ கடிகாரம் பொய் சொல்லுதா?"ன்னு கேட்டா பாருங்க, அந்தக் கேள்விதான் என் அகாடமியோட முழு சிலபஸும்.

12 மணி தாண்டி உச்சி வர ஆன அந்த 23 நிமிஷத்துல ஒரு 14 நிமிஷம் வானத்தோடது. பூமி சுத்துற பாதை சரியான வட்டம் இல்ல, அச்சும் சாஞ்சிருக்கு, அதனால சூரியன் உச்சிக்கு வர்ற நேரம் வருஷம் பூரா முன்னப்பின்ன ஆகும். நவம்பர் ஆரம்பத்துல இதே மாடியில 11:52க்கே உச்சி வந்துடும்.

மிச்சம் 9 நிமிஷம் மனுஷங்க போட்டது, எனக்கு மனசுக்கு ரொம்ப நெருக்கமானதும் அதுதான். இந்திய நேரம் மிர்சாப்பூர் பக்கத்துல போற 82.5 டிகிரி தீர்க்கரேகைய வச்சுக் கணக்குப் போடுறது, சென்னை அதுக்கு மேற்கால ரெண்டேகால் டிகிரி தள்ளி இருக்கு, டிகிரிக்கு 4 நிமிஷம். ஆனா 1906 ஜனவரி 1க்கு முன்னாடி இந்த ஊருக்குன்னு மெட்ராஸ் டைம்னு ஒன்னு இருந்துச்சு, லண்டன் கிரீன்விச் நேரத்த விட 5 மணி 21 நிமிஷம் முன்னாடி, அதுக்கு அடிப்படை 1802ல கோல்டிங்ஹாம்ங்கிற வானியலாளர் நுங்கம்பாக்கம் வானாய்வுக் கூடத்துல கணக்குப் போட்ட தீர்க்கரேகை. கல்கத்தா நேரத்துக்கும் பம்பாய் நேரத்துக்கும் நடுவுல இருந்ததால ரயில்வேயும் இந்த மெட்ராஸ் டைமத்தான் பிடிச்சுக்கிச்சு. அப்புறம் கிரீன்விச்ச விட அஞ்சரை மணி முன்னாடின்னு நாடு முழுக்க ஒரே நேரம் வந்ததும் நம்ம கடிகாரத்த 9 நிமிஷம் முன்னாடி தள்ளி வச்சாச்சு. எங்க வீட்டு மாடிச் சூரியனுக்கு அந்த உத்தரவு இன்னும் வரல, அது மெட்ராஸ் டைம்லயேதான் இருக்கு.

அதனால ரெண்டாவது வகுப்பு அந்த வானாய்வுக் கூடம் இருந்த நுங்கம்பாக்கம் வானிலை மையத்து வளாகத்துல. 1792ல வானத்தப் பாக்குற கருவிய ஆடாம நிறுத்துறதுக்குன்னு நட்ட 10 டன் கருங்கல் தூண் இன்னும் அங்க நிக்குது, லத்தீன், தமிழ், தெலுங்குன்னு எழுத்து வெட்டியிருக்கும். கைய வச்சுப் பாக்கச் சொல்லுவேன்.

அடுத்து நாழிகை வட்டில், அந்தக் காலத்துத் தண்ணிக் கடிகாரம். அடியில ஓட்டை போட்ட கிண்ணம் தண்ணியில மிதந்து முழுகணும், சரியா 24 நிமிஷத்துல, ஒரு நாளைக்கு 60 தடவ. அந்த ஓட்டைய அளவா போட பசங்களுக்கு ஒரு மாசம் ஆனாலும் பரவாயில்ல. சீசியம் அணுவ வச்சு ஓடுற கடிகாரம், ஒரு செகண்டுக்கு 9,192,631,770 அதிர்வு, அதெல்லாம் கடைசி வருஷம் வச்சுக்கலாம்.

நீங்களும் சென்னைன்னா ஏப்ரல் 24 வாக்குல ஒரு குச்சிய நட்டுப் பாருங்க, மத்தியானம் 12:07 வாக்குல அதுக்கு நிழலே இருக்காது. என் பொண்ணு பக்கெட்ட இன்னும் மாடியிலயே வச்சிருக்கா, எடுக்க விடல.