புடாக் என்றால் சிறுபிள்ளையா, அடிமையா?

கேள்வி: மலாய் எனக்குத் தண்ணீர் பட்ட பாடு. ஆனால் ஜகார்த்தா இளசுகளின் டிக்டாக் கமெண்ட் ஒன்றும் விளங்கவில்லையே? (பினாங்கு வாசகி)

பதில்: அகராதியை மூடிவையுங்கள். அவர்கள் எழுதுவது மலாயின் உறவு மொழியான இந்தோனேசியம், அதுவும் இளசுகளின் கொச்சை. அந்தக் கமெண்ட்களில் வரும் பல, வெட்டி ஒட்டிய சொற்கள். இரண்டு சொல்லிலிருந்து ஆளுக்கொரு துண்டு நறுக்கிச் சேர்ப்பார்கள். 'மாலாஸ் கெராக்' (நகரவே சோம்பல்) 'மாகெர்' ஆகிவிடும். 'கெராக் செப்பாட்' (வேகமாக இயங்குவது) 'கெர்செப்'. எதையும் மனசில் போட்டுக்கொண்டு முகம் சுருங்குபவர் 'பாப்பெர்'. 'பாவா பெராசாஆன்' என்பதன் சுருக்கம். அந்தப் பெராசாஆனுக்குள் ஒளிந்திருப்பது நமக்கும் தெரிந்த வடசொல் 'ரச'!

வெட்டிப் பார்த்தும் பிடிபடவில்லையா, திருப்பிப் படியுங்கள். 'பிசா' (முடியும்) 'சாபி' ஆகும். 'யுக்' (வா, போகலாம்) 'குய்' ஆகும்.

மலாய் தெரிந்தவருக்குத்தான் வம்பு அதிகம். 'புச்சின்' என்பது 'புடாக் சிந்தா', காதலுக்கு அடிமை. உங்கள் ஊரில் புடாக் சிறுபிள்ளை, அங்கே அடிமை. 'புத்துஹ்' அங்கே 'தேவை' என்ற சாதுவான சொல். பினாங்கில் அது கெட்ட வார்த்தை, வாய் தவறியும் சொல்லிவிடாதீர்கள்!

'குவே', 'லு' (நான், நீ) சம வயது நண்பர்களோடு மட்டும். முன்பின் தெரியாதவருக்குப் பதில் எழுதினால் 'காக்' போடுங்கள். மலேசியாவில் அது அக்கா. ஜகார்த்தாவில் அண்ணனுக்கும் பொருந்தும்.

கேள்வி: டபிள்யூ, கே என்று மாறி மாறித் தட்டுகிறார்களே?

பதில்: சிரிப்பு. 'வெக்வெக்' என்று வாசிக்க வேண்டும். நீளம் கூடினால் சிரிப்பும் கூடுதல்.

கேள்வி: ஜகார்த்தாவில் சாலையைக் கடக்கும் இடத்திலேயே ஃபேஷன் ஷோ நடந்ததாமே?

பதில்: 2022 ஜூலையில், டுக்குஹ் ஆத்தாஸ் பகுதியில், 'சித்தாயாம் ஃபேஷன் வீக்' என்ற பெயரில். புறநகர் ரயில், மெட்ரோ, விமான நிலைய ரயில் மூன்றும் கூடும் இடம் அது. புறநகர் ரயிலில் முதல் 25 கி.மீ.க்கு 3,000 ரூபியா, பிறகு 10 கி.மீ.க்கு 1,000 வீதம் என்பதால், சித்தாயாம், போஜோங் கெடே, டெப்போக் ஆகிய புறநகர்களின் பிள்ளைகள் சில்லறைக் காசில் வந்து இறங்கினார்கள். வரிக்குதிரைக் கோடுதான் மேடை, எதிரே கைப்பேசிகள். பணக்கார அலுவலக வட்டாரமான 'சுதிர்மான் சென்ட்ரல் பிசினஸ் டிஸ்ட்ரிக்ட்'டை எல்லாரும் எஸ்.சி.பி.டி. என்பார்கள். அதே நான்கு எழுத்தை 'சுதிர்மான், சித்தாயாம், போஜோங் கெடே, டெப்போக்' என்று விரித்தார்களே, அந்தக் குசும்புக்கே கைதட்டலாம்.

கூட்டம் பெருகிப் போக்குவரத்து முட்டியதும் போலீஸ் கலைக்கத் தொடங்கியது. இதற்கிடையில் ஒரு பிரபலத்தின் நிறுவனம் அந்தச் 'சித்தாயாம் ஃபேஷன் வீக்' பெயரை வணிகக் குறியாகப் பதிய விண்ணப்பித்து, கிளம்பிய எதிர்ப்பில் சில நாளிலேயே திரும்பப் பெற்றது.