எனர்ஜி மீட்டர் உண்மையில் எதை அளக்கிறது? – கேள்வி பதில்

மின் அளவுக் கருவிகளைப் பழுது பார்ப்பதும் சரிபார்ப்பதும் என் வேலை. கண்ணுக்குத் தெரியாத சக்திகளை அளப்பதாகச் சொல்லி விற்கும் கருவிகளைப் பற்றிப் பலரும் கேட்டவற்றுக்கு என் பதில்கள் இவை.

கேள்வி: சார், வாஸ்து பார்க்க வந்தவர் கைப்பிடியில் கம்பி வைத்த ஸ்கேனர் ஒன்றைக் கொண்டுவந்தார். சமையலறைக்குள் போனதும் கம்பிகள் தானாக விரிந்தன. நெகட்டிவ் எனர்ஜி இருக்கிறதாம், சுவரை இடிக்கச் சொல்கிறார். அவர் கையை அசைக்கவே இல்லை.

பதில்: இடிக்காதீர்கள். அவர் ஏமாற்றுகிறார் என்று சொல்லமாட்டேன். கை அசைவது அவருக்கே தெரியாமல் இருக்கலாம். எளிதாகச் சுழலும் கம்பியைத் திருப்ப மணிக்கட்டு லேசாகச் சாய்ந்தாலே போதும். மனம் எதிர்பார்ப்பதைத் தசைகள் நம்மை அறியாமலே செய்துவிடும் என்று 1852இல் ஆங்கில உடலியல் அறிஞர் வில்லியம் கார்பென்டர் விளக்கினார். மறு வருடமே இயற்பியலாளர் மைக்கேல் ஃபாரடே அதைச் சோதித்துக் காட்டினார். அப்போது இங்கிலாந்தில் பலர் மேசையைச் சுற்றி உட்கார்ந்து கைவைப்பார்கள், மேசை நகரும், ஆவிதான் நகர்த்துகிறது என்று நம்புவார்கள். ஃபாரடே கைக்கும் மேசைக்கும் நடுவில் உருளைகள் வைத்த பலகைகளை வைத்தார். கை தள்ளினால் காட்டிக்கொடுக்க ஒரு முள்ளையும் பொருத்தினார். முதலில் நகர்ந்தது கைதான். அந்த முள்ளை அவர்கள் கண்ணில் படும்படி வைத்ததும் மேசை நகர்வது நின்றுவிட்டது. உட்கார்ந்திருந்தவர்கள் எல்லாரும் நாணயமானவர்கள்.

நீங்களும் சோதிக்கலாம். வந்தவரின் கண்ணைக் கட்டி, வேறு வேறு வழியாகப் பல தடவை வீட்டுக்குள் நடத்திக் கூட்டிப் போங்கள். ஒவ்வொரு தடவையும் அதே இடத்தில் கம்பி விரிந்தால் எனக்குச் சொல்லுங்கள், அவசியம் வந்து பார்க்கிறேன்.

கேள்வி: இடத்தின் சக்தியைக் காட்டுவதாகச் சொல்லும் 'போவிஸ்' அளவில் எங்கள் வீட்டுக்கு 5,000தான் வருகிறது, 6,500 வேண்டும் என்கிறார்கள். எண்ணே வருகிறதே அண்ணா?

பதில்: எண் வந்தால் மட்டும் அளவீடு ஆகாது. ஒரு வோல்ட் என்றால் என்ன என்பதற்கு வரையறை உண்டு. என் மீட்டரில் சந்தேகம் வந்தால் அதைவிடத் துல்லியமான கருவியோடு ஒப்பிடுவேன். அந்தச் சங்கிலி டெல்லியில் உள்ள தேசிய இயற்பியல் ஆய்வகம் வரை போகும். போவிஸ் அளவுக்கு அப்படி ஒப்பிட எதுவுமே இல்லை. எண்கள் எழுதிய அட்டையின் மேல் ஊசல் ஆடுகிறது, அதைப் பிடித்திருப்பது ஒரு மனிதரின் கை.

கேள்வி: பேய் இருந்தால் விளக்கு எரியும் என்று ஒரு இ.எம்.எஃப். மீட்டர் வாங்கினேன். பழைய வீட்டின் ஒரு மூலையில் நிஜமாகவே எரிகிறது!

பதில்: இது அசல் கருவி, மின்காந்தப் புலத்தை அளக்கும். மெயின் சுவிட்சை அணைத்து, செல்போனையும் வெளியே வைத்துவிட்டு மறுபடி பாருங்கள். அணைந்துவிட்டால் அந்த மூலையில் பெரும்பாலும் வயர் ஓடுகிறது என்று அர்த்தம். பழைய வீடு என்பதால் எலெக்ட்ரீஷியனைக் கூப்பிட்டு எர்த்தையும் வயரிங்கையும் உடனே சோதியுங்கள். பேயைவிட இதுதான் எனக்குப் பயமாக இருக்கிறது.

கேள்வி: உடலைச் சுற்றியுள்ள சக்தியைப் படம் பிடிப்பதாகச் சொல்லும் ஆரா போட்டோவில் என்னைச் சுற்றி நீல நிறம் வந்தது. அது பொய்யா?

பதில்: பல ஆரா கேமராக்களில் உலோகத் தகட்டில் கைவைக்கச் சொல்வார்கள். தோல் எவ்வளவு மின்சாரத்தைக் கடத்துகிறது என்பதை அது அளக்கும், நிறத்தைச் சேர்ப்பது கருவி. கை வியர்த்தால் ரீடிங் மாறும். 1939இல் சோவியத் நாட்டில் செம்யோன் கிர்லியன் எடுக்கத் தொடங்கிய ஒளிவட்டப் படங்கள் வேறு வகை. உயர் மின்னழுத்தத்தில் விளிம்பைச் சுற்றியுள்ள காற்று ஒளிர்வதுதான் அவற்றில் பதிவாகிறது. காசை வைத்தாலும் அதே ஒளிவட்டம் வரும்.

கேள்வி: எக்ஸ்ரேயும் ஒரு காலத்தில் மர்மம்தானே? நாளைக்கு இதையும் ஏற்றுக்கொள்ள மாட்டார்களா?

பதில்: நல்ல கேள்வி. ரான்ட்ஜன் 1895இல் எக்ஸ்ரேயைக் கண்டுபிடித்ததும் சில வாரங்களிலேயே பல நாட்டு ஆய்வகங்களில் அதே படத்தை எடுத்தார்கள். 1903இல் பிரான்சின் நான்சி நகரில் பிளாண்ட்லோ என்ற இயற்பியலாளர் 'N கதிர்' என்று ஒன்றை அறிவித்தார். பிரான்சில் பலர் தாங்களும் பார்த்ததாக எழுதினார்கள், வெளியே பலருக்குத் தெரியவில்லை. 1904இல் அமெரிக்காவின் ராபர்ட் வுட் நேரில் போனார். இருட்டில், யாருக்கும் தெரியாமல், கருவியின் முக்கியப் பாகமான அலுமினியப் பட்டகத்தை எடுத்துவிட்டார். பிளாண்ட்லோ அதே அளவுகளைச் சொல்லிக்கொண்டே இருந்தார். பாகத்தை எடுத்த பிறகும் ரீடிங் வந்தால், அது வந்தது கருவியிலிருந்து இல்லை. எந்தப் புதுக் கருவியைப் பார்த்தாலும் நான் முதலில் தேடுவது இதைத்தான்.

கேள்வி: அப்போ தேங்காய் வைத்து நீரோட்டம் பார்ப்பது? அடுத்த வாரம் போர் போடுகிறோம்.

பதில்: தேங்காய் எழுந்து நிற்பதும் கை வேலைதான். அப்புறம், நம் ஊரில் பெரும்பகுதி கடினப் பாறை, தண்ணீர் பாறை வெடிப்புகளில்தான் நிற்கும். மண்ணில் நான்கு கம்பிகளை ஊன்றி, மின்சாரம் செலுத்தி, நிலத்தின் மின்தடையை அளக்கும் முறை இருக்கிறது. அதுவும் ஊகம்தான், சில சமயம் தவறும். ஆனாலும் எத்தனை அடியில் எவ்வளவு தடை என்று தாளில் எழுதித் தருவார்கள், அதை இன்னொருவரிடம் காட்டிச் சரிபார்க்கலாம். பக்கத்துத் தோட்டங்களில் எத்தனை அடியில் தண்ணீர் வந்தது என்றும் கேட்டுவிட்டு ரிக் வண்டியைக் கூப்பிடுங்கள்.