ரேஞ்ச்சில் மார்க்ஸ்மேன், கணினியில் குறி தப்புவது ஏன்?

கேள்வி: அண்ணே, எனக்கு 29 வயது. உட்லண்ட்ஸில் இருக்கிறேன். தேசிய சேவையில் நன்றாகக் குறிபார்த்துச் சுடுபவர்களுக்குத் தரும் மார்க்ஸ்மேன் பேட்ஜ் வாங்கியவன். ஆறு மாதமாக இரவில் நண்பர்களோடு ‘இன்சர்ஜென்சி: சேண்ட்ஸ்டோர்ம்’ என்ற கணினித் துப்பாக்கிச் சண்டை ஆட்டம் ஆடுகிறேன். சுடுகிற குண்டில் பாதிகூட ஆள்மேல் படுவதில்லை. யூடியூபில் ‘கவுன்டர்-ஸ்ட்ரைக்’ என்ற இன்னொரு சுடும் ஆட்டத்தின் பயிற்சி வீடியோக்களைப் பார்த்து அப்படியே செய்து பார்த்தேன், பலனில்லை. விலை கூடிய மவுஸ் வாங்கினால் சரியாகுமா? பிளாஸ்டிக் குண்டு சுடும் ஏர்சாஃப்ட் துப்பாக்கி ஒன்றை ஆன்லைனில் வரவழைத்து வீட்டில் பழகலாம் என்கிறான் ஒரு நண்பன். செய்யலாமா?

பதில்: தம்பி, கடைசிக் கேள்வியை முதலில் முடித்துவிடுகிறேன். வேண்டவே வேண்டாம். சிங்கப்பூரில் உரிமம் இல்லாமல் ஏர்சாஃப்ட் துப்பாக்கியை வரவழைப்பதும் வைத்திருப்பதும் குற்றம். விளையாட்டுச் சாமான்தானே என்று சொல்லித் தப்பிக்க முடியாது. அந்த யோசனையைச் சொன்ன நண்பனிடம் இனிமேல் சட்ட ஆலோசனை கேட்காதீர்கள்.

சரி, குறிக்கு வருவோம். உங்களுக்குத் திறமை குறைவு என்று நான் நினைக்கவில்லை. நீங்கள் பார்த்த வீடியோ வேறு ஊர் வரைபடம், அவ்வளவுதான். இந்த மாதிரி ஆட்டங்களில் குண்டு தவறுவதற்கு இரண்டு வெவ்வேறு முறைகள் உண்டு. கவுன்டர்-ஸ்ட்ரைக்கில் நீங்கள் நடந்துகொண்டே சுட்டால், குறிமுள் ஆளின் நெற்றிமேல் இருந்தாலும் குண்டு அங்கே போகாது. அந்த ஆட்டம் குண்டைச் சுற்றி கண்ணுக்குத் தெரியாத ஒரு கூம்பை வைத்திருக்கிறது. நகர்ந்தால் கூம்பு விரியும், நின்றால் சுருங்கும். அதனால்தான் அந்த வீடியோக்களில் எதிர்த்திசை பொத்தானைத் தட்டி நின்று சுடச் சொல்கிறார்கள். தொடர்ந்து சுடும்போது துப்பாக்கி மேலேறி இடவலமாக ஓடும் கோலம் அங்கே பெரும்பாலும் ஒரே மாதிரி இருக்கும். அதை மனப்பாடம் செய்துவிடலாம்.

சேண்ட்ஸ்டோர்ம் அப்படி இல்லை. திரை நடுவில் குறிமுள் என்பதே கிடையாது. குழல்வாய் எங்கே பார்க்கிறதோ அங்கேதான் குண்டு போகும். ஆனால் அந்தக் குழல்வாய் சும்மா நிற்பதில்லை. ஆள் மூச்சு வாங்கினால் ஆடும், நடந்தால் ஆடும், பக்கத்தில் குண்டு சீறிப்போனால் பார்வையே கலங்கும். அங்கே பகடை, இங்கே ஊசல். இதில் ஒரு நல்ல செய்தியும் இருக்கிறது. ஊசலைக் கண்ணால் பார்க்கலாம். பார்க்க முடிந்த தவறைத் திருத்த முடியும்.

ரேஞ்ச்சில், அதாவது துப்பாக்கிப் பயிற்சித் திடலில், என்ன செய்தோம், ஞாபகம் இருக்கிறதா? சுட்டு முடித்ததும் இலக்குத் தாளில் ஓட்டைகள் எப்படி விழுந்திருக்கின்றன என்று பார்த்துவிட்டுத்தான் ஆலோசனையே வரும். ஓட்டைகள் நெருக்கமாக ஒரே இடத்தில், ஆனால் நடுவை விட்டுத் தள்ளி விழுந்திருந்தால் ஜீரோயிங், அதாவது குறிக்கருவியைச் சரிப்படுத்தியதில் பிரச்சினை. இங்கொன்றும் அங்கொன்றுமாகச் சிதறியிருந்தால் மூச்சு அல்லது விரல். தாளைப் பார்க்காமல் யாரும் வாய் திறக்கமாட்டார்கள். கணினியில் நாம் அந்தத் தாளைப் பார்ப்பதே இல்லை, செத்ததும் அடுத்த ரவுண்டுக்கு ஓடிவிடுகிறோம்.

அதனால் இந்த வாரம் எதையும் மாற்றாமல் ஆட்டத்தைப் பதிவு மட்டும் செய்யுங்கள். விண்டோஸிலேயே அதற்கு வசதி இருக்கிறது. குறி தப்பிய 20 இடங்களைத் தேடி, கால்வாசி வேகத்தில் ஓடவிட்டுப் பாருங்கள். முதல் குண்டு கிளம்பிய அந்த நொடியில் கால் நகர்ந்துகொண்டிருந்ததா, அதற்குமுன் எவ்வளவு தூரம் ஓடி வந்தீர்கள், துப்பாக்கி எந்த உயரத்தில் இருந்தது என்று ஒரு தாளில் எழுதுங்கள். நான் முதன்முதலில் இதைச் செய்தபோது, மவுஸைத்தான் குற்றம் சொல்லப்போகிறேன் என்று நினைத்திருந்தேன். பாதிக்கு மேல் குற்றவாளி ஓட்டம்தான் என்று தெரிந்தபோது கொஞ்சம் வெட்கமாக இருந்தது.

ஓட்டத்தைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன், ஏனென்றால் உங்கள் 20இலும் பெரும்பங்கு அதுவாகத்தான் இருக்கும். புதிதாக ஆடுகிறவர்கள் ஓட்டப் பொத்தானிலிருந்து விரலை எடுப்பதே இல்லை. கதவு வரைக்கும் ஓடி, கதவைத் தாண்டியதும் ஆளைக் கண்டு, அப்போதுதான் துப்பாக்கியைத் தூக்குகிறார்கள். ஓடும்போது துப்பாக்கி கீழே இருக்கும், அதை மேலே கொண்டுவரவே நேரம் போகிறது. வந்த பிறகும் மூச்சிறைப்பில் குழல் எட்டுப் போடுகிறது. எதிரி உட்கார்ந்த இடத்தில் உட்கார்ந்தபடி ஒரே ஒரு குண்டு செலவழிக்கிறான். 2.4 கிலோமீட்டர் ஓடி முடித்த கையோடு ரேஞ்ச்சில் படுத்துச் சுடச் சொன்னால் உங்கள் பேட்ஜ் என்ன ஆகியிருக்கும்? ஆட்டத்திலும் அதே கணக்குதான். சண்டை வரும் என்று தோன்றும் இடத்துக்குப் பத்து பதினைந்து மீட்டர் முன்னாலேயே ஓட்டத்தை நிறுத்துங்கள். மீதியை நடந்து போங்கள், துப்பாக்கி தோளில் இருக்கட்டும். கனமான கவசமும் கூடுதல் மேகசின்களும் அள்ளிக்கொண்டு போனால் ஆள் மந்தமாவான் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். பாதுகாப்புக்காக எல்லாவற்றையும் மாட்டிக்கொள்பவர்கள், தாமதமாக வந்து தவறாகச் சுடுகிறார்கள்.

மூச்சைப் பிடித்துக் குறியை நிலைநிறுத்த ஆட்டத்திலேயே ஒரு பொத்தான் இருக்கிறது. பலர் அதை ஆளைத் தேடும்போதே அழுத்திப் பிடித்துக்கொண்டிருப்பார்கள். ஆள் கிடைக்கும்போது மூச்சு தீர்ந்திருக்கும். ரேஞ்ச்சில் கற்றதை நினைத்துக்கொள்ளுங்கள்: குறி ஏறக்குறைய அமைந்த பிறகுதான் மூச்சு நிற்கும், நின்றதும் குண்டு போகும். இந்த ஒரு விஷயத்தில் உங்கள் பேட்ஜ் உண்மையாகவே உதவும்.

மற்ற விஷயங்களில் பேட்ஜ் ஓரளவு இடைஞ்சல். தேசிய சேவையில் நீங்கள் சுட்ட எஸ்ஏஆர் 21 ரைபிளில் 1.5 மடங்கு பெரிதாக்கும் ஸ்கோப் துப்பாக்கியோடு சேர்ந்தே வருகிறது. அந்தப் பழக்கத்தில், ஆட்டத்தில் இன்னும் பெரிய 4 மடங்கு ஸ்கோப்பை மாட்டினால் இன்னும் நன்றாகச் சுடலாம் என்று தோன்றும். அங்கேதான் சறுக்கல். ஸ்கோப் ஆளைப் பெரிதாக்கும்போது குழலின் அசைவையும் சேர்த்துப் பெரிதாக்குகிறது, பக்கத்தில் நடப்பதை மறைக்கிறது. சந்துகளிலும் அறைகளிலும் நடக்கும் சண்டைக்கு 1 மடங்கு சிவப்புப் புள்ளி போதும். தூரத்து வேலை உள்ள மேப்பில் 2 மடங்கு. ஆயுதமும் சாமான்களும் எடுக்க ஆட்டம் தரும் சப்ளை பாயின்ட்டில் மிச்சமாவதை வைத்து முன்பிடி ஒன்றை மாட்டுங்கள், ரீகாயில் (சுடும்போது துப்பாக்கி உதைப்பது) குறையும்.

இன்னொன்று, ரேஞ்ச்சில் நடக்காதது: குழல் முன்னால் இருக்கும் சுவரில் படுவது. நிஜ எம்4 போன்ற துப்பாக்கியில் குறிபார்க்கும் கருவி குழலுக்கு மேலே சுமார் ஆறேழு சென்டிமீட்டர் உயரத்தில் இருக்கும். சேண்ட்ஸ்டோர்மிலும் குண்டு கண்ணிலிருந்து கிளம்புவதில்லை, குழல்வாயிலிருந்துதான் கிளம்புகிறது. மணல்மூட்டைக்குப் பின்னால் நின்று பார்த்தால் கண் தாண்டியிருக்கும், குழல் தாண்டியிருக்காது. ஆள் தெளிவாகத் தெரிவான், குண்டெல்லாம் மூட்டைக்குள் போகும். “நெஞ்சுக்கு நேராகத்தானே சுட்டேன்!” என்று கத்துகிற இடங்களில் நிறைய இதுதான். ஒரு முழம் உயரமாக எழுங்கள். பதிவில் தூசி கிளம்புவதைப் பார்த்தாலே தெரிந்துவிடும்.

மூலைகளில் பின்னால் நிற்பதே லாபம். சுவரோடு ஒட்டிக்கொண்டு எட்டிப் பார்ப்பவன் தோளும் முழங்கையும் முதலில் வெளியே தெரியும். இரண்டு மூன்று அடி விலகி நின்று, கேக் வெட்டுவதுபோல் கொஞ்சம் கொஞ்சமாகக் கோணத்தைத் திறந்தால் மூலைக்கு நெருக்கமாக இருப்பவனை நீங்கள்தான் முதலில் பார்ப்பீர்கள். சாய்ந்து பார்க்கும் பொத்தான்களை அதோடு சேர்த்துக்கொள்ளுங்கள். நடக்கும்போதே குழல், தலை வரக்கூடிய உயரத்தில் இருக்கட்டும். தரையைப் பார்த்து நடந்தால் ஒவ்வொரு முறையும் மவுஸை மேலே இழுக்க வேண்டியிருக்கும். அந்த இழுப்பில்தான் குறி தாண்டிப்போகிறது.

தொடர்ந்து சுடுவதா, ஒவ்வொன்றாகவா? ஒரே அறைக்குள் என்றால் ஆட்டோ. தெருவுக்கு அந்தப் பக்கம் என்றால் ஒற்றை. நடுவில் இருக்கும் தூரத்துக்கு இரண்டு மூன்று குண்டாக விட்டு விட்டுச் சுடுங்கள், உட்கார்ந்தால் இன்னும் நல்லது. ஓடுகிறவனைச் சுடும்போது அவன்மேல் குறி வைக்காதீர்கள், முன்னால் வையுங்கள். நிஜ ரைபிள் குண்டு நொடிக்குச் சுமார் 900 மீட்டர் போகிறது என்று வைத்துக்கொண்டால், 100 மீட்டர் கடக்க ஒரு நொடியில் ஒன்பதில் ஒரு பங்கு ஆகும். அதற்குள் நொடிக்கு 5 மீட்டர் வேகத்தில் ஓடுபவன் அரை மீட்டருக்கு மேல் நகர்ந்துவிடுகிறான். அதாவது ஓர் உடம்பு அகலம். ஆட்டத்திலும் குண்டுக்குப் பயண நேரம் உண்டு என்பதால் இந்தக் கணக்கிலிருந்து தொடங்கலாம். 30 மீட்டருக்குள் இதையெல்லாம் மறந்துவிடுங்கள்.

இப்போது மவுஸ். தேசிய சேவையில் ஐஎம்டி என்ற பாவனைச் சுடும் பயிற்சி அறையில் திரையைப் பார்த்துச் சுட்டபோதும் கையில் துப்பாக்கியின் எடை இருந்தது. இங்கே 100 கிராம்கூட இல்லாத பொருள். குறி பார்ப்பதும் சுடுவதும் ஒரே கையில் நடக்கிறது. விலை இதில் பெரிய விஷயமே இல்லை, வேகம்தான் விஷயம். பள்ளிக்கூட அடிக்கோல் ஒன்றை மேசையில் வையுங்கள். ஆட்டத்தில் சுவரில் ஒரு புள்ளியைப் பார்த்தபடி மவுஸை ஒரே திசையில் நகர்த்தி, ஒரு முழுச் சுற்று சுற்றி அதே புள்ளிக்கு வாருங்கள். கை எத்தனை சென்டிமீட்டர் நகர்ந்தது? 15 என்றால் உங்கள் விரல் துடிப்புகூட ஆளைத் தாண்டிப்போகும். 30இலிருந்து 50க்குள் கொண்டுவாருங்கள். முதல் மூன்று நாள் சேற்றில் நடப்பதுபோல் இருக்கும், மாற்றிவிடாதீர்கள். ஸ்கோப்புக்குத் தனி சென்சிட்டிவிட்டி இருக்கிறது, அதையும் பாருங்கள். விண்டோஸில் ‘என்ஹான்ஸ் பாயின்டர் பிரிசிஷன்’ என்ற இடத்தில் டிக் இருந்தால் எடுத்துவிடுங்கள். நீங்கள் வேகமாக இழுக்கிறீர்களா மெதுவாக இழுக்கிறீர்களா என்பதைப் பொறுத்து தூரத்தை மாற்றும் வேலை அது.

அப்புறம் நம் ஊர் புழுக்கம். ஏர்கான் போடாத அறையில் இரவு பத்து மணிக்கு உட்கார்ந்தால், துணி மவுஸ்பேட் ஈரத்தையும் வியர்வையையும் குடித்துவிட்டு இழுக்க ஆரம்பிக்கும். நேற்று சரியாக இருந்த குறி இன்று தடுமாறுவதற்கு இதுவும் ஒரு காரணம். மாதம் ஒருமுறை பாத்திரம் கழுவும் சோப்பு போட்டு அலசி, நிழலில் காய வையுங்கள். சிம் லிம் ஸ்குவேருக்குப் போய்த்தான் ஆகவேண்டும் என்றால் மவுஸை விட்டுவிட்டு மானிட்டரைப் பாருங்கள். 60 ஹெர்ட்ஸ் திரை ஒரு படத்தை 16.7 மில்லிநொடி காட்டுகிறது, 144 ஹெர்ட்ஸ் திரை சுமார் 7. ஆனால் உங்கள் கணினி அத்தனை படங்களைத் தர முடியுமா என்று முதலில் கிராஃபிக்ஸ் தரத்தைக் குறைத்துச் சோதித்துவிட்டு வாங்குங்கள்.

வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) வீட்டில் ரௌட்டர் எங்கே இருக்கிறது? பாம் ஷெல்டருக்குள் வைத்துக் கதவைச் சாத்தியிருந்தால், அந்தத் தடித்த கான்கிரீட்டைத் தாண்டி வைஃபை வந்து சேருவதற்குள் ஆள் போய்விடுவான். கேபிள் இழுங்கள். சிங்கப்பூர் சர்வரைத் தேர்ந்தெடுங்கள். ஐரோப்பிய நண்பர்களோடு ஆடும் இரவில் குறி தப்பினால் அதை உங்கள் கணக்கில் எழுதவேண்டாம்.

பயிற்சிக்கு அரை மணி நேரம் போதும். ஆட்டத்துக்குள்ளேயே ஒரு ரேஞ்ச் இருக்கிறது. அங்கே ஐந்து நிமிடம் ஒற்றைக் குண்டு மட்டும், நின்று மூச்சுப் பிடித்து. பிறகு உள்ளூர் ஆட்டத்தில் கணினி எதிரிகளை வைத்துக்கொண்டு, ஓட்டப் பொத்தானைத் தொடவே மாட்டேன் என்று முடிவு செய்து ஒரு ரவுண்டு. எரிச்சலாக இருக்கும், எத்தனை பேரைக் கொன்றோம் என்று எண்ணாதீர்கள். ‘எய்ம் லேப்’ போன்ற பயிற்சி மென்பொருள்கள் விரலுக்கு நல்லவை, ஆனால் அவற்றில் மூச்சிறைப்பும் கிடையாது, மணல்மூட்டையும் கிடையாது. 2023 ஜூனில் சன்டெக்கில் ஒலிம்பிக் இ-ஸ்போர்ட்ஸ் வாரம் நடந்தபோது, துப்பாக்கி சுடும் போட்டிக்கு எடுத்துக்கொண்ட ஆட்டம் எது தெரியுமா? ‘ஃபோர்ட்நைட்’. திரையில் சுடுவது தனித்தொழில் என்று நிஜத் துப்பாக்கிக்காரர்களே ஒப்புக்கொண்டது போலத்தான் எனக்குப் பட்டது.

இரண்டு வாரம் கழித்து இன்னொரு 20 இடங்களைப் பதிவு செய்து, பழைய தாளின் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். ஓடிவந்து தவறவிட்டவை குறைந்திருந்தால் மவுஸின் வேகத்தைத் தொடவேண்டாம். குறையாமல், குறி மட்டும் ஒவ்வொரு முறையும் ஆளைத் தாண்டிப்போய்த் திரும்பி வருவது தெரிந்தால் அடிக்கோலை மறுபடி எடுத்து இன்னொரு ஐந்து சென்டிமீட்டர் கூட்டுங்கள்.