செட்டிநாட்டு வீடுகளில் புழங்காத பாத்திரங்களை ஏன் இன்னும் பூட்டி வைத்திருக்கிறார்கள்?

பேராசை என்று சிலர் சொல்வார்கள். எனக்கு அது ஒப்பவில்லை. செட்டிநாட்டு வணிகச் சமூகமான நகரத்தார் கல்யாணத்தில் பெண்ணுக்குக் கொடுக்கும் சாமான்கள் அவளுடைய சொத்து. பித்தளை அண்டா, வெள்ளிச் சொம்பு, எனாமல் தூக்கு, எவர்சில்வர் அடுக்கு என எல்லாவற்றுக்கும் பட்டியல் எழுதுவார்கள். பாத்திரத்தில் பெயரோ முதலெழுத்தோ வெட்டியிருக்கும். வளவை, அதாவது வீட்டின் உள்முற்றத்தை, சுற்றிய அறைகளில் கல்யாணமான மகன் ஒவ்வொருவருக்கும் ஒன்று. அங்கேதான் மருமகளின் சாமான் இருக்கும். அத்தனை பேர் வாழ்ந்த வீட்டில், அவள் சாவி போட்டுப் பூட்டக்கூடிய இடம் அது ஒன்றுதான்.

அப்புறம் பர்மா. ஆண்கள் லேவாதேவிக்காக வருடக்கணக்கில் அங்கே இருந்தார்கள். 1942-ல் ஜப்பானியப் படை ரங்கூனைப் பிடித்தபோது பலருக்குப் போட்ட முதலே போயிற்று. அங்கிருந்து முன்பே வந்து சேர்ந்திருந்த மரவைகள் என்னும் அரக்குப் பூச்சு மரப் பாத்திரங்கள் வீட்டில் தங்கின. அதை எடைக்குப் போட யாருக்கு மனசு வரும்?

விற்பவர்களும் உண்டு. காரைக்குடி முனீஸ்வரன் கோவில் தெருப் பழம்பொருள் கடைகளில், யாரோ ஒரு ஆச்சியின் பெயர் வெட்டிய அண்டாவைப் பூ மிதக்கவிட ஹோட்டல்காரர்கள் வாங்கிப் போகிறார்கள். இன்னொரு காரணமும் இருக்கிறது, வெளியே சொல்ல மாட்டார்கள்: வீட்டின் பொதுச் சாமானை விற்கப் பங்காளிகள் எல்லோரும் ஒத்துக்கொள்ள வேண்டும்.